இப்போதைக்குத் தொண்டையைத் தர இயலாது

பேரன்பும் பெருமதிப்பும், தங்கள் கையிலுள்ள கத்தியின்மேல் அளவான பயமும் கொண்டு, என் மைத்துனரும் பெயர்பெற்ற தொண்டை மருத்துவருமான தங்களுக்கு, தங்கள் தங்கையின் கணவன் இந்தத் தீவு விடுதியின் மாடியறையிலிருந்து எழுதிக்கொள்வது. இங்கே என் தொண்டையைத் தவிர அனைவரும் சுகம். அங்கே தாங்களும் வீட்டாரும் மருத்துவமனைக் கத்தரிகளும் சுகமாக இருக்கிறீர்கள் என்று நம்புகிறேன். கத்தரிகள் கொஞ்ச காலம் ஓய்வெடுத்தால் எனக்கு இன்னும் மகிழ்ச்சி.

மச்சான், சுற்றி வளைக்காமல் விஷயத்துக்கு வருகிறேன். வருகிற வெள்ளிக்கிழமை என் குரல்நாணில் முளைத்திருக்கும் சதைத் துணுக்கைத் தாங்கள் வெட்டி எடுப்பதாக முடிவாகியிருக்கிறது அல்லவா, அதற்கு நான் வர இயலாது. முட்டையிடும் காலம் முடிகிற வரைக்கும் என் தொண்டை எனக்கே சொந்தமில்லை. யாருடைய முட்டை, என்ன காலம் என்று தாங்கள் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பது இங்கிருந்தே தெரிகிறது. முழுவதும் படித்துவிட்டுக் கோபித்துக்கொள்ளுங்கள். ஏனென்றால் இதை ஆரம்பித்து வைத்ததே தாங்கள்தான்.

'அறுவைக்கு முன் சில வாரம் கடல்காற்று, ஒரு வார்த்தை பேசக் கூடாது' என்று சீட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டது தாங்கள். "சத்தமே இல்லாத இடமா பாத்து ரூம் போட்டிருக்கேன்" என்று இந்தத் தீவைக் கண்டுபிடித்தது தங்கள் தங்கை. நான் பெட்டியைத் தூக்கியதோடு சரி. படகிலிருந்து கால் வைக்கும் முன்பே எங்கள் செருப்பின் அடியைத் துலக்கினார்கள், சட்டைப் பைகளைத் திருப்பி உதறினார்கள், பெட்டியைக் கவிழ்த்தார்கள். எலி தேடுகிறார்களாம். ஒரு காலத்தில் கப்பலோடு வந்து இறங்கிய எலியும் பூனையும் இங்கிருந்த பறவைகளைத் தின்று தீர்த்துவிட்டன. அப்புறம் வருடக்கணக்கில் பாடுபட்டுக் கடைசி எலி வரைக்கும் ஒழித்தார்கள். இனி ஒரே ஒரு சினை எலி இறங்கினாலும் கதை முடிந்தது என்று அங்கிருந்த பறவைப் பாதுகாப்பு அதிகாரிப் பெண் எங்களுக்கு விளக்கிக்கொண்டே தங்கள் தங்கையின் கைப்பைக்குள் டார்ச் அடித்துப் பார்த்தாள். "அதுல எலி இருந்தா, இவர் சில்லறை தேடுறப்பவே இவரைக் கடிச்சிருக்கும்மா" என்றாள் தங்கள் தங்கை. நான் பதில் சொல்ல முடியாமல் நின்றேன். தங்கள் சீட்டு அப்படி.

அந்த எலிகளுக்குத் தப்பிய பறவைதான் இந்தக் கடிதத்தின் நாயகி. உலகத்தில் வேறெங்கும் கிடையாது. அதற்கு ஒரு நீளமான பெயர் பலகையில் எழுதியிருக்கிறது. வாசித்து முடிப்பதற்குள் பறவையே போய்விடும் என்பதால் இங்கே எல்லாரும் 'தத்தி' என்கிறார்கள். கோழிக்குக் கொஞ்சம் மேலே, வாத்துக்குக் கொஞ்சம் கீழே ஒரு உருவம். தவிட்டு நிறம். இறக்கை இருக்கிறது, பறக்காது. யாரைக் கண்டும் ஓட வேண்டிய அவசியம் இல்லாத இடத்திலேயே தலைமுறை தலைமுறையாகப் பிறந்து வளர்ந்ததால், எவர் வந்தாலும் வீட்டுக்கு விருந்தாளி வந்த மாதிரி நின்று பார்க்கும். எலியையும் அப்படித்தான் நின்று பார்த்ததாம். இப்போது மிஞ்சியிருப்பவை ஒரு கை விரல்களில் அடங்கும், அதில் முட்டையிடும் வயதில் இருப்பது ஒரே ஒரு பெட்டை. அவள் குன்றின்மேல் புதருக்குள் உட்கார்ந்துகொண்டு கீழே வர மாட்டேன் என்றிருந்தாள்.

இனி என் செருமலைப் பற்றி. நான் நகர நூலகத்து வாசிப்பறையில் கண்காணிப்பாளனாக இருந்து ஓய்வு பெற்றவன் என்பது தாங்கள் அறிந்ததே. அங்கே யாரும் பேசக் கூடாது. 'பேசாதீர்கள்' என்று சொல்வதற்கும் பேசத்தானே வேண்டியிருக்கிறது, அதனால் நான் செருமினேன். வேலைக்குச் சேர்ந்த புதிதில் அது சாதாரணச் செருமல்தான். போகப் போக ஒரு பாஷையாகிவிட்டது. குசுகுசுப்பவர்களுக்கு ஒன்று, செய்தித்தாளைப் படபடவென்று மடிப்பவருக்கு ஒன்று, அகராதிமேல் தலை வைத்துக் குறட்டை விடுபவருக்கு ஒன்று, மூலையில் உட்கார்ந்திருக்கும் காதலர்களுக்குச் சற்று மென்மையாக ஒன்று. எல்லாவற்றிலும் பெரியது, கதவடைக்கும் நேரத்தில் அடிவயிற்றிலிருந்து எடுத்து விடும் நீண்ட செருமல். அதைக் கேட்டு எழுந்து போகாத வாசகர் இல்லை. வீட்டிலும் அது ஒட்டிக்கொண்டது. சாப்பாட்டு மேசையில் செருமினால் உப்பு. குளியலறை வாசலில் செருமினால் 'சீக்கிரம்'. "வாயத் தொறந்து கேட்டா முத்தா உதிர்ந்துடும்" என்று தங்கள் தங்கை எத்தனையோ வருடமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். பேசக் கூடாது என்று தாங்களே சீட்டுக் கொடுத்த பிறகு கேட்க வேண்டுமா, காலையிலிருந்து இரவு வரை செருமல் ராஜ்ஜியம்தான்.

வந்த மறுநாள் விடிகாலை. விடுதியின் தாழ்வாரக் கோடியில் பொதுக் குளியலறை. உள்ளே பக்கத்து அறைக்காரர் பாடிக்கொண்டே குளிக்கிறார், முடிக்கிற எண்ணம் இருப்பதாகத் தெரியவில்லை. வெளியே ஒரே பனிமூட்டம். கடல் எங்கே முடிகிறது, தாழ்வாரம் எங்கே ஆரம்பிக்கிறது என்று தெரியவில்லை. பாதித் தூக்கத்தில், தோளில் துண்டோடு, நான் வாசிப்பறையில்தான் நிற்கிறேன் என்ற நினைப்பில் அந்தக் கதவடைக்கும் செருமலை எடுத்து விட்டேன். பாட்டு நின்றது. கூடவே தோட்டத்துக்கு அப்பால், மூட்டத்துக்குள், யாரோ வீட்டுச் செருப்பைத் தேய்த்துத் தேய்த்து நடந்து வருகிற மாதிரி ஒரு சத்தம். நான் நகரவில்லை. கனவில் நகர்ந்தால் கலைந்துவிடும் அல்லவா. தவிட்டு நிறத்தில் ஒன்று படியேறி வந்தது, என்னை ஏற இறங்கப் பார்த்தது, ரொம்ப நாள் தேடிய இடம் கிடைத்துவிட்டது போல என் வலது செருப்பின்மேல் ஏறி உட்கார்ந்துகொண்டது.

அடுத்து நடந்தது பெரிய கூத்து. அந்த அதிகாரிப் பெண் கழுத்தில் ஒலிவாங்கிக் கருவி தொங்க, வெறுங்காலோடு ஓடி வந்தாள். "சார், அசையாதீங்க. இப்ப என்ன பண்ணீங்க?" என்று கிசுகிசுத்தாள். நான் தங்கள் சீட்டை எடுத்துக் காட்டினேன். அவள் அதைப் படித்துவிட்டு, "டாக்டர் பேரெல்லாம் எதுக்கு சார், என்ன சத்தம் குடுத்தீங்க?" என்றாள். சுவரில் விரலால் 'செருமினேன்' என்று எழுதிக் காட்டினேன். "அதேதான் வேணும். இன்னொரு தடவை செருமுங்க" என்றாள். செருமினேன். பெட்டை என் செருப்பிலிருந்தபடியே கழுத்தை நீட்டிக் கண்ணை மூடிக்கொண்டது. முகம் நிறைய சோப்பு நுரையோடு பக்கத்து அறைக்காரர் கதவைத் திறந்து எட்டிப் பார்த்து, மறுபடியும் சாத்திக்கொண்டார். அந்தப் பெண் தரையில் உட்கார்ந்து அழுதாள் மச்சான். நான் இதுவரை யாரையும் செருமி அழவைத்ததில்லை, கையில் வேறு எதுவும் இல்லாததால் என் துண்டையே கொடுத்தேன்.

விஷயம் இதுதான். தத்திச் சேவல் கூப்பிட்டால்தான் பெட்டை குன்றை விட்டு இறங்கும். கூப்பிடத் தெரிந்த கிழச் சேவல் போன வருடம் போய்ச் சேர்ந்துவிட்டது. இப்போதிருக்கும் சேவல் அடைகாக்கும் மின்பெட்டியில் பொரிந்து, கையுறை போட்ட கையால் ஊட்டி வளர்ந்தவன், அப்பன் குரலையே கேட்டதில்லை, வாயைத் திறந்தால் வெறும் காற்றுதான் வருகிறது. தங்கள் தங்கை அவனுக்கு 'மாப்பிள்ளை' என்று பெயர் வைத்திருக்கிறாள். கிழவனின் குரலைப் பதிவு செய்து ஒலிபெருக்கியில் போட்டுப் பார்த்தார்களாம். பெட்டை ஒருநாள் வந்தாள். மறுநாளும் அதே சத்தம், அதே இழுவை, அதே இடைவெளி என்றதும் திரும்பிப் போய்விட்டாள். என் செருமலையும் பதிவு செய்து போட்டார்கள், அதற்கும் அதே கதிதான். "மெஷின்னு கண்டுபிடிச்சுடுது சார்" என்றாள் அந்தப் பெண். "ஒரே பொய்யை தினமும் ஒரே மாதிரி சொன்னா எவ நம்புவா" என்றாள் தங்கள் தங்கை. அவர்களில் ஆளாளுக்குச் செருமியும் பார்த்தார்கள். விடுதிச் சமையல்காரர் செருமியபோது மாப்பிள்ளையே பயந்து ஓடிவிட்டான்.

ஆக, வேறு வழியில்லை. எனக்கு ஒரு பச்சைக் கோட்டும் 'குரல் உதவியாளர்' என்று போட்ட அட்டையும் கொடுத்திருக்கிறார்கள். தினமும் விடிகாலையில் குன்றின் அடிவாரத்தில் ஒரு புதருக்குப் பின்னால் நான் உட்கார வேண்டும். எனக்கு முன்னால் திறந்த வெளியில் மாப்பிள்ளை. நான் செருமுவேன், அவன் வாயைத் திறப்பான். சினிமாப் பாட்டு மாதிரிதான். வாயசைப்பு அவன், குரல் நான். ஆனால் வாயசைக்கக்கூட அவனுக்கு நேரம் காலம் தெரியவில்லை. நான் முடித்த பிறகு திறக்கிறான். சில நாள் நடுவில் தூங்கிவிடுகிறான். ஒருநாள் பெட்டை பாதி வழி இறங்கி வந்து நிற்கும்போது, இவன் அதிகாரிப் பெண்ணின் ரப்பர் பூட்ஸைச் சுற்றிச் சுற்றி வந்து தலையைச் சாய்த்துக் குழைந்துகொண்டிருந்தான். ஊட்டி வளர்த்த கையோடு பூட்ஸும் சேர்ந்து மனதில் பதிந்துவிட்டது போலிருக்கிறது. பெட்டை அதைப் பார்த்துவிட்டுக் குன்றேறிவிட்டாள். "இவனுக்குப் பொண்ணு குடுக்கறதுக்கு நான் யோசிப்பேன்" என்றாள் தங்கள் தங்கை. அன்றிலிருந்து எல்லாரும் பூட்ஸைக் கழற்றிவிட்டுத்தான் வேலை பார்க்கிறோம்.

மச்சான், அந்த விடிகாலைகளைப் பற்றி நான் எப்படிச் சொல்வேன். ஊமை கண்ட கனவு என்பார்களே, நான் நிஜமாகவே ஊமையாக இருந்து கண்டுகொண்டிருக்கிறேன். கோட்டுக்குள் பனி இறங்குகிறது. மூட்டத்தில் குன்று இருக்கிறதா இல்லையா என்று தெரியாது. தங்கள் தங்கை பின்னால் ஒரு முக்காலியில் பிளாஸ்க்கோடு உட்கார்ந்து கொட்டாவி விடுகிறாள். நான் ஒரு தடவை செருமுகிறேன். எதுவும் இல்லை. அலை சத்தம்கூடத் தூரத்து அறையில் யாரோ புத்தகப் பக்கம் புரட்டுகிற மாதிரிதான். மறுபடியும் செருமுகிறேன். கொஞ்ச நேரம் கழித்து, மேலே எங்கேயோ, அந்தச் செருப்புத் தேய்க்கிற சத்தம். நான் வேலை பார்த்த காலமெல்லாம் என் சத்தத்தைக் கேட்டு ஜனங்கள் வாயை மூடினார்கள், புத்தகத்தை மூடினார்கள், எழுந்து போனார்கள். ஒருவராவது அதைக் கேட்டு என்னை நோக்கி வந்ததாக ஞாபகமில்லை. இப்போதுதான் ஒருத்தி வருகிறாள். பனியில் நனைந்துகொண்டு, பறக்கவும் தெரியாமல், ஒவ்வொரு அடியாக இறங்கி வருகிறாள். எனக்குச் சந்தோஷமாக இருக்கிறது மச்சான். இந்த வயதில் இதைச் சொல்ல வெட்கமாகவும் இருக்கிறது.

நடுவில் ஒரு சோதனை. பனியில் உட்கார்ந்ததில் ஜலதோஷம் பிடித்து, செருமப் போன இடத்தில் இருமித் தொலைத்தேன். பெட்டை அரண்டு ஓடிவிட்டாள். தீவிலுள்ள அத்தனை பேரும் என்னைப் பார்த்த பார்வை, பரீட்சையில் கோட்டை விட்ட பிள்ளையை வீட்டார் பார்க்கிற பார்வைதான். அப்புறம் காய்ச்சல். சில நாள் படுக்கையிலேயே கிடந்தேன். சமையல்காரர் வெந்நீரில் தேன் கலந்து கொண்டுவந்து, நான் விழுங்குகிற வரைக்கும் தொண்டையையே பார்த்துக்கொண்டு நிற்பார். நான் கவலையில் உருகுகிறேன், அதிகாரிப் பெண்ணோ, "பாத்துக்கலாம் சார், நீங்க தூங்குங்க" என்று சிரிக்கிறாள். தங்கள் தங்கை அதற்கு மேல். புருஷன் படுத்திருக்கிறான் என்கிற கவலை இல்லாமல் விடிகாலையில் உலாவப் போய்விட்டுச் செருப்பெல்லாம் ஈரமாகத் திரும்பி வருகிறாள். எழுதிக் கேட்டால், "நடந்தா நல்லதுன்னு அண்ணன்தானே சொன்னாரு" என்கிறாள். ஆனால் பாருங்கள், நான் எழுந்து போய் முதல் செருமல் விட்டதும், ஒன்றுமே நடக்காதது போலப் பெட்டை இறங்கி வந்தாள். இத்தனை நாள் எனக்காகக் காத்துக்கொண்டிருந்திருக்கிறாள் என்பது வேறு யார் சொல்லியும் தெரிய வேண்டியதில்லை.

இப்போது விஷயம் கனிந்து வருகிறது. மாப்பிள்ளைக்குப் பக்கத்திலேயே வந்து உட்கார ஆரம்பித்திருக்கிறாள். அவன் தூங்கினால் கொத்தி எழுப்புகிறாள், உரிமை வந்துவிட்டதற்கு அதைவிட என்ன சாட்சி வேண்டும். புதரடியில் புல்லைக் கிளறிக் குழி பறித்துப் பார்க்கிறாள். முட்டையிடுகிற வரைக்கும் தினமும் சேவல் குரல் கேட்டாக வேண்டும், நடுவில் நின்றால் குன்றேறிவிடுவாள், அவளுக்கும் வயதாகிறது, அடுத்த பருவம் உண்டா இல்லையா சொல்ல முடியாது என்கிறார்கள். இந்த நேரத்தில் தாங்கள் வெள்ளிக்கிழமை என்கிறீர்கள். துணுக்கை எடுத்தபின் குரல் தெளிந்துவிடும் என்று தாங்கள் ஆறுதலாகச் சொன்னீர்கள். தெளிந்த குரலை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது? இந்தக் கரகரப்புக்குத்தானே அவள் வருகிறாள்.

தங்களிடம் மறைப்பதற்கில்லை. தள்ளிப்போட்டால் துணுக்கு துணுக்காகவே இருக்கும் என்று உத்தரவாதமில்லை என்று தாங்கள் எச்சரித்தது நினைவிருக்கிறது. இரண்டொரு நாளாகக் காலைச் செருமலுக்குப் பிறகு கைக்குட்டையில் லேசாகச் சிவப்பு தெரிகிறது. ஈறில் கசிந்த ரத்தமாக இருக்கும் என்று நானே தீர்ப்பு எழுதிக்கொண்டேன். பயமாக இருக்கிறது என்பதையும் எழுதிவிடுகிறேன். ஆனால் நான் போனால் என்னைப் போல ஆயிரம் கிழவர்கள் இருக்கிறார்கள், அவள் போனால் அவளைப் போல இன்னொருத்தி கிடையாது. இந்தக் கணக்கு எனக்குத் தெளிவாக விளங்குகிறது. தங்கள் தங்கைக்கு இதெல்லாம் ஒன்றும் தெரியாது. கைக்குட்டையைப் பெட்டிக்கு அடியில் மடித்து ஒளித்து வைத்திருக்கிறேன். தாங்களும் மூச்சு விட வேண்டாம்.

ஆகையால், பருவம் முடிகிற வரைக்கும் என் தொண்டையை என்னிடமே விட்டுவைக்கும்படி தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன். உறையை ஒட்டிப் படகுக்காரரிடம் சேர்க்கும்படி இக்கடிதத்தைத் தங்கள் தங்கையிடமே கொடுக்கிறேன். படிக்க மாட்டாள், அடுத்தவர் கடிதத்தைப் படிக்கிற பழக்கம் அவளுக்குக் கிடையாது. வீட்டுப் பெரியவர்களுக்கு என் வணக்கமும், சிறியவர்களுக்கு ஆசியும் சொல்லுங்கள். தங்கள் கைராசி மேன்மேலும் ஓங்குக. என் விஷயத்தில் மட்டும் சற்றுத் தாமதமாக ஓங்குக.

இப்படிக்கு,
தங்கள் அன்பு மறவாத,
தீவின் குரல் உதவியாளர்

பின்குறிப்பு: அண்ணா, இது நான். அடுத்தவங்க கடிதத்தைப் படிக்கிற பழக்கம் எனக்கு இல்லதான், புருஷன் அடுத்தவர் இல்லையே. மேல எழுதியிருக்கிறது எதையும் நீ காதுல போட்டுக்காதே. வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமைதான். இந்தக் கடிதம் வர்ற அதே படகுலதான் நாங்களும் வரோம். கைக்குட்டையை ஒளிச்சு வச்சிருக்காராம். பெட்டியை அடுக்குறது யாரு, துவைக்கிறது யாரு?

இன்னொண்ணு, அவர்கிட்ட சொல்லிடாதே. அவருக்குக் காய்ச்சல் வந்து படுத்திருந்தப்போ அந்தக் கோழி ஒண்ணும் அவருக்காகக் காத்துக்கிட்டு இருக்கல. நான்தான் தினம் போய்ச் செருமினேன். நாப்பது வருஷமா காதுல விழுந்த சத்தம், எனக்கு வராம யாருக்கு வரும்? முதல் நாளே இறங்கி வந்துடுச்சு. இப்ப அதிகாரிப் பொண்ணுக்கும் கத்துக் குடுத்துட்டேன். வெறும் தொண்டையால பண்ணினா வராது, பக்கத்துல ரெண்டு பேரு விடாம பேசிக்கிட்டே இருக்காங்கன்னு நெனச்சுக்கோ, அப்பதான் வரும்னு சொன்னேன். இன்னும் கொஞ்சம் மூக்கால வருது, ஆனா நேத்து சாயங்காலம் அதுக்கே கோழி வந்து நின்னுச்சு. இந்தக் கடிதத்தை அவர் எங்கிட்ட குடுத்த பிறகு, அவர்கிட்ட, பெட்டைக்கு ஏக்கம் வரணும், அதனால சில நாள் சார் குரல் குடுக்கக் கூடாதுன்னு அந்தப் பொண்ணு சொல்லியிருக்கு. அப்படியே நம்பிட்டு, ஊருக்கு வந்து உன்னை நேர்லயே பேசி மடக்கிடலாம்னு கிளம்பியிருக்காரு. வாசல்ல வந்து நின்னா உள்ளே கூப்பிட்டு உட்கார வை, பேசவிடாதே.

நல்லபடியா பண்ணிக் குடுத்துடு அண்ணா. குரலே போனாலும் பரவாயில்ல, எனக்கு ஆள் வேணும். ஆனா உன் கை அவ்வளவு நுணுக்கமா போகும்னு எல்லாரும் சொல்றாங்க இல்ல, முடிஞ்சா அந்தச் செருமலை மட்டும் கொஞ்சம் மிச்சம் வச்சிடு. அந்தக் கோழிக்கு யாரு செருமினாலும் போதும். எனக்கு அப்படி இல்ல.